கம்பவுண்டர் பையும் அக்காவின் பீரோவும்

தாத்தாவின் கட்டிலைக் கூடத்திலிருந்து கொல்லைப்புற அறைக்கு மாற்றியபோது எனக்குப் பத்து வயது. 1968. மயிலாப்பூர் கோயில் குளத்தை ஒட்டிய சந்து ஒன்றில் ரேழி, கூடம், முற்றம், கொல்லை என்று ரயில் மாதிரி நீண்டு கிடந்த வீடு. கட்டில் போன அறை அதன் கடைசிப் பெட்டி. பக்கத்தில் விறகு, கிணறு, அதற்கும் அப்பால் கக்கூஸ்.

கட்டிலுக்கடியில் ஒரு பெரிய கண்ணாடி பாட்டில். தாத்தாவின் அடிவயிற்றிலிருந்து ஒரு சிவப்பு ரப்பர் குழாய் இறங்கி அதற்குள் போகும். பாட்டில் வாயில் மூடி கிடையாது, பஞ்சுதான். பேரப்பிள்ளைகள் யாரும் அந்தப் பக்கம் போகக்கூடாது என்று உத்தரவு. அதனால் எல்லோருமே ஒரு தடவையாவது எட்டிப் பார்த்திருந்தோம்.

வீட்டில் அந்தக் குழாய்க்குப் பெயரே இல்லை. "தாத்தாவுக்கு உடம்பு" என்பார்கள். வந்தவர்கள் விசாரித்தால் "நீரடைப்பு" என்று பாட்டி தாழ்ந்த குரலில் சொல்லிவிட்டு, சிறுநெருஞ்சில் கஷாயத்துக்குப் பேச்சைத் திருப்பிவிடுவாள்.

ஐம்பத்தைந்து வருஷத்துக்கு மேல் கழித்து அதே இடத்தில், அடிவயிற்றில் இடுப்பெலும்புக்கு இரண்டு விரற்கடை மேலே, என் அத்திம்பேருக்கும், அதாவது அக்காவின் கணவருக்கும், ஒரு குழாய் இருக்கிறது. அவர் வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், அடையாறு காந்தி நகரில் இரண்டாம் மாடிக் குடியிருப்பு, வயது 78. பார்க்கின்சன் வந்ததில் கை நடுக்கத்தோடு சிறுநீர்ப்பையின் ஒழுங்கும் கெட்டுப்போயிற்று. முதலில் இயற்கை வழியாகவே குழாய் செருகிப் பார்த்தார்கள். உறுத்தல், புண், ரத்தம். கடைசியில் வயிற்று வழியே போட்டார்கள். அவர் வீட்டில் இதற்குப் பெயர் உண்டு: எஸ்.பி.சி., 'சூப்ராப்யூபிக் கதீட்டர்' என்பதன் சுருக்கம். காய்கறிக்காரரிடம் விலை பேசுகிற சகஜத்தோடு அக்கா அந்த மூன்று எழுத்தைச் சொல்வாள்.

தாத்தாவுக்குப் போட்டிருந்தது என்ன குழாய் என்று எனக்கு வெகுகாலம் தெரியாது. அத்திம்பேரைப் பார்க்கிற சிறுநீரகவியல் மருத்துவரிடம் ஒருமுறை அதை விவரித்தேன். நுனியில் பூ மாதிரி நாலு இதழ் விரிந்திருக்கும், உள்ளே விடும்போது ஒரு கம்பியைச் செருகி இழுத்து நேராக்குவார்கள், கம்பியை எடுத்தால் இதழ் விரிந்து உள்ளே பிடித்துக்கொள்ளும் என்றேன். அவர் சிரித்துவிட்டார். "மேலிகாட்! நான் படிக்கும்போதே அது பழசு." 19-ஆம் நூற்றாண்டுப் பிரெஞ்சுக்காரர் ஒருவரின் பெயர் அது. வெளியே எடுக்கும்போது விரிந்த இதழோடு இழுக்க வேண்டும். தாத்தா எழுப்பிய சத்தத்துக்கு இப்போதுதான் காரணம் புரிந்தது.

அந்தக் காலத்தில் இந்தக் குழாய் பெரும்பாலும் ஒரு காத்திருப்பு. பீட்டர் ஃபிரேயர் என்ற அயர்லாந்துக்காரர் இந்திய மருத்துவப் பணியில் இருபது வருஷத்துக்கு மேல் இருந்துவிட்டு லண்டன் திரும்பியவர். 1900-இல், அடிவயிற்றைத் திறந்து சிறுநீர்ப்பை வழியாக விரலை விட்டு ப்ராஸ்டேட் சதையை முழுதாக நோண்டி எடுக்கிற முறையைச் செய்யத் தொடங்கி அதை அவர் பிரபலமாக்கினார். அடைப்பால் சிறுநீரகம் கெட்டு ரத்தத்தில் யூரியா ஏறிப்போன கிழவர்களை உடனே மேஜையில் ஏற்ற முடியாது. முதலில் வயிற்றில் குழாய் போட்டு நீரை வடித்து, சில வாரம் தேற்றி, பிறகு சதையை எடுப்பார்கள். அறுவை இரண்டு தவணை. தாத்தாவுக்கு முதல் தவணை நடந்தது. இருதயம் பலவீனம் என்று இரண்டாவதைத் தள்ளிப் போட்டார்கள். தள்ளிப் போட்டது போட்டதுதான். மூன்று வருஷம் அந்தத் தற்காலிகக் குழாயோடேயே இருந்தார்.

மாதத்துக்கு ஒரு முறை கம்பவுண்டர் சைக்கிளில் வருவார். தோல் பை, எனாமல் தட்டு, கத்தரிக்கோல், மஞ்சள் அக்ரிஃப்லேவின், ஊதா பெர்மாங்கனேட். பாட்டி வெந்நீர் கொதிக்க வைத்துக் கொடுக்க வேண்டும். கொடுத்ததும் கம்பவுண்டர் சொல்வார்: "மாமி, கொஞ்சம் வெளியில இருங்கோ." கதவு சாத்தப்படும். பாட்டி முற்றத்தில் தூணைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். உள்ளே என்ன நடக்கிறது, குழாய் எங்கே போய் நிற்கிறது, ஏன் சில நாள் ஒழுகுகிறது என்று அவளிடம் யாரும் சொன்னதில்லை. அவளும் கேட்டதில்லை. மீதி 29 நாளும் அந்தக் குழாயோடு மல்லாடியவள் அவள்தான். ரப்பர் ஷீட்டைக் கழுவுவது, வேட்டியைச் சோடா உப்பில் வேகவைப்பது, பாட்டிலைக் கொல்லையில் கொட்டி அலம்புவது எல்லாம் அவள். கிணறு வற்றுகிற கோடையில் அந்தத் துணிக்கென்று தனியாகத் தண்ணீர் எடுத்து வைப்பாள்.

தெரியாததால் அவள் செய்த ஒரு காரியத்தைச் சொல்ல வேண்டும். தாத்தாவுக்குக் கொடுக்கிற தண்ணீரைக் குறைத்தாள். தண்ணீர் குறைந்தால் பாட்டில் மெதுவாக நிறையும், அவருக்கும் உபத்திரவம் குறையும் என்று அவள் கணக்கு. அன்பினால் போட்ட தப்புக் கணக்கு.

உள்ளே நடப்பது வேறு. வயிற்றில் குழாய் நாட்கணக்கில் இருந்தால் சிறுநீரில் கிருமி சேர்ந்தே தீரும், எவ்வளவு சுத்தமாக இருந்தாலும். அவற்றில் புரோட்டியஸ் என்று ஓர் இனம் யூரியாவை உடைத்து அம்மோனியா ஆக்கும். சிறுநீர் காரத்தன்மைக்கு மாறும். கரைந்திருந்த மெக்னீசியமும் கால்சியமும் படிகமாகிக் குழாயின் துளையில் ஒட்டும், வெந்நீர் பாய்லருக்குள் உப்புப் படிகிற மாதிரி. சிறுநீர் நீர்த்திருந்தால் இது தாமதமாகும். கெட்டியாக இருந்தால் வேகம் பிடிக்கும். தாத்தாவின் குழாயைக் கம்பவுண்டர் எடுத்துப் போட்டபோது நுனியில் சுண்ணாம்பு அப்பினாற்போல் இருந்ததை நான் பார்த்திருக்கிறேன். 1971 கோடையில் நடுக்கத்தோடு ஜுரம் வந்தது. நாலாம் நாள் போய்விட்டார். விஷ ஜுரம் என்றார்கள். குழாயைப் பற்றி அன்றும் யாரும் பேசவில்லை.

இப்போது அக்காவின் வீடு. சமையலறைச் சுவரில் தினசரிக் காலண்டர். குழாய் மாற்றும் தேதிகளில் வட்டம். உணவு மேஜையில் இரண்டு லிட்டர் பாட்டில், ராத்திரி படுப்பதற்குள் காலியாக வேண்டும். கத்திரி வெயிலில் இன்னும் அரை லிட்டர் கூட. "அத்திம்பேரே, தண்ணி!" என்று மணிக்கொரு தரம் அவள் குரல் கேட்கும். (கட்டிய கணவரை அத்திம்பேர் என்று கூப்பிடுவது என்னைக் கேலி செய்ய அவள் தொடங்கிய பழக்கம், அப்படியே ஒட்டிக்கொண்டது.) முன்பு எட்டு வாரத்துக்கு ஒருமுறை மாற்றினார்கள். அவருக்குச் சீக்கிரம் உப்புப் படிகிறது என்று தெரிந்ததும் அக்காவே நோட்டுப் புத்தகத்தில் நாலு முறை தேதி குறித்து, அடைபடுவது ஆறாம் வாரத்தில் என்று கண்டுபிடித்தாள். மருத்துவர் அந்த நோட்டைப் பார்த்து ஐந்து வாரமாக்கினார்.

குழாயும் மாறியிருக்கிறது, ஒப்புக்கொள்ள வேண்டும். இது ஃபோலி. அமெரிக்க மருத்துவர் ஃபிரெடெரிக் ஃபோலி 1930-களில் உருவாக்கியது. ப்ராஸ்டேட் அறுவைக்குப் பின் ரத்தப்போக்கை அழுத்தி நிறுத்தத்தான் முதலில் செய்தார். நுனியில் ஒரு குட்டி பலூன். உள்ளே போனதும் 10 மில்லி தண்ணீர் ஏற்றினால் உப்பிக்கொண்டு நழுவாமல் நிற்கும், எடுக்கும்போது தண்ணீரை உறிஞ்சிவிட்டால் சுருங்கிவிடும். இதழைப் பிய்த்து இழுக்கிற வேலை இல்லை. லேடெக்ஸ் ரப்பரில் வந்தது பிறகு சிலிக்கானிலும் வந்தது. லேடெக்ஸ் மலிவு, சீக்கிரம் மாற்ற வேண்டும். முழு சிலிக்கான் பல மடங்கு விலை, உடம்பு ஒத்துழைத்தால் 12 வாரம் வரை தாங்கும். பஞ்சு அடைத்த பாட்டில் போய், காற்றுப் புகாத பிளாஸ்டிக் பேக் வந்தது. உலகத்துக்கு இது 1960-களிலேயே தெரியும். எங்கள் சந்துக்குள் வரத் தாமதமாயிற்று.

என்றாலும் தொண்ணூறு வருஷமாக அதே பலூன், அதே வடிவம் என்பது எனக்கு உறுத்துகிறது. சிறுநீர் நுழையும் கண் பலூனுக்கு மேலே இருக்கிறது. பலூனுக்குக் கீழே தேங்குவது வடிவதில்லை, அந்தத் தேக்கத்தில்தான் கிருமி குடியிருக்கிறது. கைபேசியை வருஷம் ஒரு தரம் மாற்றி வடிவமைக்கிறவர்கள் இருக்கிற உலகத்தில் இதைத் தொட ஆள் குறைவு. கிழவர்களும் சக்கர நாற்காலிக்காரர்களும் வாங்குகிற பொருளுக்கு அவசரம் இல்லை போலிருக்கிறது.

ஆனால் பெரிய மாற்றம் ரப்பரில் நடந்ததாக நான் நினைக்கவில்லை. அக்காவின் பீரோவில் நடந்தது. கம்பவுண்டரின் தோல் பைக்குள் பூட்டிக் கிடந்தது முழுக்க இப்போது அங்கே, பட்டுப் புடவைகளுக்குக் கீழ்த் தட்டில் இருக்கிறது. குழாயின் வால்வு ஆரஞ்சு நிறமென்றால் 16 எண், பச்சையென்றால் 14. மூன்று எண் சேர்ந்தால் ஒரு மில்லிமீட்டர் விட்டம், ஆக 16 என்பது ஐந்தேகால் மில்லிமீட்டருக்குக் கொஞ்சம் மேல். குழாய் மாற்ற வருகிற ஆண் செவிலியரை எல்லோரையும் போல அவளும் 'பிரதர்' என்பாள். அவர் ஒருமுறை பலூனுக்குச் சலைன் எடுத்தபோது அவள் தடுத்தாள்: "அது வேண்டாம் பிரதர், ஸ்டெரைல் வாட்டர் போடுங்கோ. உப்பு கட்டிண்டா பலூன் சுருங்காது." பிரதர் ஒன்றும் சொல்லாமல் மாற்றிக்கொண்டார். அவள் பி.ஏ. சரித்திரம்.

பீரோவின் அருமை இரண்டு வருஷம் முன்பு ஒரு ராத்திரி தெரிந்தது. மணி பதினொன்று இருக்கும். பலூன் வெடித்துக் குழாய் கையோடு வந்துவிட்டது. வயிற்றுத் துளை வெறும் சதைப் பாதைதான். குழாய் இல்லையென்றால் உடம்பு அதை மூடத் தொடங்கிவிடும், சிலருக்கு அரை மணி ஒரு மணியிலேயே. அக்கா துளைமேல் சுத்தமான காஸ் துணியை வைத்து ஒட்டினாள், பீரோவைத் திறந்தாள், மருத்துவமனைக்குக் கிளம்பினார்கள். வழியில் மெட்ரோ பள்ளம், தடுப்பு, திருப்பிவிட்ட சாலை. நானும் போய்ச் சேர்ந்தேன். அந்த மருத்துவமனையின் அவசரப் பிரிவில் இருந்த இளம் டாக்டர் நல்ல பையன். ஆனால் ஸ்கேனுக்கு எழுதத் தொடங்கினார், ஸ்கேன் ஆள் வர வேண்டும், அவர்களிடம் அந்த அளவுக் குழாயும் இல்லை. அக்கா பையிலிருந்து இரண்டு பாக்கெட்டை எடுத்து மேஜையில் வைத்தாள். "இவருக்கு அஞ்சு வருஷப் பாதை டாக்டர். 16 போகலேன்னா 14 இருக்கு, போட்டுப் பாருங்கோ." 16 போகவில்லை. 14 போயிற்று. சிறுநீர் வந்தது. அவளை யாரும் வெளியில் நிற்கச் சொல்லவில்லை.

அங்கே நிற்கும்போது எனக்குப் பாட்டியின் தூண்தான் ஞாபகம் வந்தது.

இதில் ஒரு கசப்பும் உண்டு, விட்டுவிடக்கூடாது. அறிவு கைமாறியது, வேலை மாறவில்லை. பாட்டி செய்ததை அக்கா செய்கிறாள். ராத்திரி இரண்டு லிட்டர் பேக்கை மாட்டுவதும் காலையில் கழற்றித் தொடையில் கட்டுகிற சின்ன பேக்குக்கு மாறுவதும் அவள்தான். 74 வயதில் குனிந்து நிமிர்ந்து. அவர்கள் பிள்ளை நியூ ஜெர்சியில் இருந்து வீடியோவில் "பேக் ஃபுல்லாச்சா?" என்று கேட்கிறான். உதவிக்கு ஆள் வைக்கலாம், வைத்தும் பார்த்தார்கள். ஏஜென்சி மாதாமாதம் ஒரு புது முகத்தை அனுப்பியது, ஒவ்வொரு முகத்துக்கும் அக்கா முதலிலிருந்து பாடம் நடத்தினாள். கடைசியில் பாடம் நடத்துவதைவிட வேலை சுலபம் என்று நிறுத்திவிட்டாள்.

காசில்லாத வீடுகளில் என்ன நடக்கிறது? அங்கும் ஒரு மாற்றம் உண்டு. 2021 ஆகஸ்ட் 5 அன்று கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் சர்க்கரை, ரத்த அழுத்த மாத்திரைகளோடு வலி தணிப்புச் சிகிச்சையும் இயன்முறைச் சிகிச்சையும் வீட்டுக்கே வருகின்றன. படுக்கையிலிருப்பவரைக் குழாய்க்காகத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டாம் என்பது ஆட்டோ வாடகையே இல்லாதவர்களுக்குப் பெரிய விஷயம். ஆனால் முதுகுத்தண்டு முறிந்தவருக்கு அரசு தந்த பராமரிப்பு உதவித்தொகை 2023-இல் மாதம் 2000 ரூபாய். சிலிக்கான் குழாய், பேக், காஸ், பிளாஸ்டர் வாங்கினால் மிச்சத்தில் அரிசி வாங்க வேண்டியிருந்தது.

முதுகுத்தண்டு என்றதும் சொல்ல வேண்டியது நிறைய. முதல் உலகப் போர்க் காலத்தில் தண்டுவடம் முறிந்தவர்களில் பெரும்பாலோர் வெகு சீக்கிரம் இறந்தார்கள். கொன்றது முறிவு இல்லை, சிறுநீர்த் தொற்றும் படுக்கைப் புண்ணும். 1944-இல் இங்கிலாந்தின் ஸ்டோக் மேண்டவிலில் லுட்விக் கட்மன் தொடங்கிய பிரிவு அந்த விதியை மாற்றியது. நம் பக்கத்தில், 1954-இல் கார் விபத்தில் இரு கால்களும் செயலிழந்த டாக்டர் மேரி வர்கீஸ், சக்கர நாற்காலியில் அமர்ந்தே அறுவை செய்து, நியூயார்க்கில் மறுவாழ்வு மருத்துவம் படித்துத் திரும்பினார். வேலூர் சி.எம்.சி.யில் 1966-இல் வந்த மறுவாழ்வு மையம் அவர் உழைப்பு. 1975-இல் கழுத்துக்குக் கீழே உணர்விழந்த எஸ்.ராமகிருஷ்ணன் 1981-இல் ஆய்க்குடியில் அமர் சேவா சங்கத்தைத் தொடங்கினார். தமிழக ஜூனியர் பெண்கள் கிரிக்கெட் அணித் தலைவியாக இருந்து, 1998-இல் முதுகுத்தண்டு பாதிக்கப்பட்ட ப்ரீத்தி ஸ்ரீனிவாசன் திருவண்ணாமலையில் 'சோல்ஃப்ரீ' நடத்திக்கொண்டு, நம் அடையாறு ஐ.ஐ.டி.யில் ஆராய்ச்சி செய்தார். இவர்கள் யார் எந்தக் குழாய் வைத்திருந்தார்கள் என்பது அவரவர் சொந்த விஷயம். நான் சொல்ல வருவது, நாள் முழுக்கச் சக்கர நாற்காலியில் இருப்பவருக்கு வயிற்றுக் குழாய் பெரிய சௌகரியம். அழுந்தாது, மாற்றுவது சுலபம், இல்லறத்துக்கும் இடைஞ்சல் குறைவு. கழுத்து அல்லது மார்பின் மேற்பகுதியில் முறிந்தவருக்குக் குழாய் மடங்கி அடைபட்டால் திடீரென்று தலைவலி, வியர்வை, எகிறும் ரத்த அழுத்தம். உயிருக்கு ஆபத்து. மாத்திரை தேடுவதற்கு முன் குழாயைப் பார்க்க வேண்டும்.

அத்திம்பேரிடம் வருவோம். அவருடைய நாட்கள் தாத்தாவின் கொல்லை அறையைப் போல இல்லை. டிசம்பரில் மியூசிக் அகாடமி கச்சேரிக்குப் போகிறோம். தனி ஆவர்த்தனம் தொடங்கியதும் சபையில் பாதி எழுந்து கழிப்பறைக்கும் கேன்டீனுக்கும் ஓடுமே, மிருதங்கக்காரர்கள் காலங்காலமாக மனம் புழுங்குவார்களே, அப்போது இவர் மட்டும் அசையாமல் உட்கார்ந்து கோர்வை எண்ணிக்கொண்டிருப்பார்.

"எழுந்துக்கலையா அத்திம்பேர்?"

"எனக்கெதுக்குடா? நான்தான் ஏற்பாட்டோட வந்திருக்கேனே."

வேட்டி இந்தக் குழாய்க்கென்றே நெய்தது மாதிரி. தொடையில் கட்டிய பேக் அரை லிட்டருக்குச் சற்று மேல் பிடித்தாலும் வெளியே தெரியாது. பேன்ட்தான் தொல்லை. தாத்தா மடி போய்விட்டதென்று பூஜை அறைப் பக்கமே போகவில்லை, திவசத்தைத் தம்பி செய்தார். அத்திம்பேர் அமாவாசைத் தர்ப்பணத்தை நாற்காலியில் உட்கார்ந்து செய்கிறார். முதல் தடவை தயங்கியபோது வாத்தியார் சொன்னாராம்: "குழாய் கீழ போறது, மந்திரம் மேல போறது. நீங்க சங்கல்பம் பண்ணுங்கோ."

மறைப்பு முழுக்கப் போய்விட்டது என்று சொல்ல மாட்டேன். அடுக்ககத்து வாட்ஸ்அப் குழுவில் சர்க்கரை அளவைப் பகிர்கிறார்கள், முட்டி மாற்று அறுவைத் தழும்பைப் பகிர்கிறார்கள். அத்திம்பேருக்குக் குழாய் இருப்பது அதே மாடியில் எதிர்வீட்டாருக்குத் தெரியாது. "சொன்னா உடனே உட்கார்ந்த நாற்காலியைப் பார்ப்பாடா" என்கிறார். அக்கா பயன்படுத்திய பேக்கை இரண்டு தாளில் சுற்றித்தான் குப்பையில் போடுகிறாள்.

ஊர் எவ்வளவு மாறியிருக்கிறது என்பதை அறுபத்து மூவர் அன்று பார்த்தேன். மயிலாப்பூர் பங்குனித் திருவிழாவின் எட்டாம் நாள். வரத்தான் வேண்டும் என்று அத்திம்பேர் பிடிவாதமாக வந்தார். வடக்கு மாட வீதிக் கூட்டத்தில் நாலு மணிக்கு பேக் நிறைந்துவிட்டது. மூன்றில் இரண்டு பங்கு வந்ததுமே காலி செய்ய வேண்டும், இல்லாவிட்டால் கனம் குழாயை இழுக்கும், மேலும் நிறைந்தால் நீர் தேங்கும். அந்த நெரிசலில் எந்தக் கழிப்பறைக்கும் போய்ச் சேர முடியாது. சேர்ந்தாலும் கைத்தடியைச் சாய்க்க இடமோ பையை மாட்ட ஒரு கொக்கியோ இராது. அவர் மஞ்சப்பையிலிருந்து அகல வாய் பாட்டிலை எடுத்தார். பூட்டிய கடையின் படியில் நானும் அக்காவும் மறைத்து நின்றோம். குனிந்து, கீழ்த் திருகைத் திறந்து, ஒரு நிமிஷத்தில் முடித்தார். நீர்மோர்ப் பந்தலிலிருந்து ஒரு பையன் ஓடிவந்து தம்ளரை நீட்டினான். வாங்கிக் குடித்தார். அறுபத்து மூவரும் பல்லக்கில் வந்துகொண்டிருந்தார்கள்.

நடக்கச் சிரமப்படுகிறவர்களுக்கு ஊரில் சில வசதிகளும் வந்திருக்கின்றன. தி.நகரில் 2023-இல் மாம்பலம் ஸ்டேஷனிலிருந்து பஸ் நிலையம் வரை மின்தூக்கியோடு ஆகாய நடைபாதை திறந்தார்கள். 2024-இல் தாழ்தளப் பேருந்துகள் மறுபடி ஓடத் தொடங்கின. நல்லது. இவற்றோடு பொதுக் கழிப்பறைகளில் சுவரில் ஒரு கொக்கியும் இடுப்புயரத்தில் ஒரு தட்டும் வைத்தால் போதும். மாநகராட்சிக்கு அது ஒரு செலவே இல்லை.

உங்கள் வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ இந்தக் குழாயோடு ஒருவர் இருக்கலாம், சொல்லாமல் இருக்கலாம். சொன்னவர் என்றால், அவர் அளவில் ஒரு குழாயும் ஓர் அளவு குறைந்த குழாயும் இன்றே வாங்கிப் பீரோவில் வையுங்கள், காலாவதித் தேதியையும் பாருங்கள். ராத்திரி பதினொரு மணிக்கு மருந்துக்கடையில் 14 எண் கிடைக்காது.